'லீஃப்' என்ற பழைய ஆங்கிலப் பெயரடை: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

லீஃப் என்றால் இலைதானே?

இல்லை. உச்சரிப்பு ஒன்றுதான், எழுத்துதான் வேறு. இலைக்கு எல், ஈ, ஏ, எஃப். நாம் பேசப்போகும் சொல்லுக்கு எல், ஐ, ஈ, எஃப். இரண்டுக்கும் எந்த உறவும் கிடையாது. ஷேக்ஸ்பியர் நாடகங்களைப் படிக்கிறவர்களுக்குத்தான் இந்தச் சொல் பெரும்பாலும் முதலில் எதிர்ப்படும். முன்பின் பார்த்திராதவர்கள் அச்சுப்பிழை என்று நினைத்துத் தாண்டிப் போய்விடுவார்கள். தாண்டினால் அந்த வரியின் சுவை போய்விடும். அதனால்தான் இவ்வளவு விரிவாக எழுதுகிறேன்.

சரி, பொருள் என்ன?

அன்புக்குரிய, உவப்பான, இனிய. ஆளைக் குறித்து வந்தால் 'அன்பான'. செயலைக் குறித்து வந்தால் 'மனதுக்குப் பிடித்த'. இதைவிட அது உவப்பு என்று ஒப்பிட லீஃபர். எல்லாவற்றிலும் உவப்பானது லீஃபெஸ்ட். பிற்காலத்தில் இதே சொல் வினையடையாகவும் மாறி, 'மனம் ஒப்பி', 'சந்தோஷமாக' என்ற பொருளில் நின்றது. இன்றைய அகராதிகள் பெயரடையை வழக்கொழிந்தது அல்லது பழவழக்கு என்று குறிக்கும். வினையடைக்கு மட்டும் கொஞ்சம் உயிர் மிச்சம் இருக்கிறது, அதுவும் ஒரே ஒரு தொடருக்குள்.

அது எந்தத் தொடர்?

'ஹேட் ஆஸ் லீஃப்'. இந்த ஹேட்டுக்கு எழுத்து எச், ஏ, டி; வெறுப்பைக் குறிக்கும் ஹேட் அல்ல. சில சமயம் 'வுட் ஆஸ் லீஃப்'. நேர்ப்பொருள், 'அதுவும் எனக்கு அதே அளவு உவப்புதான்'. ஆனால் பேச்சில் இதன் தொனி அப்படி நடுநிலையாக இருக்காது. பெரும்பாலும் எரிச்சலோ அலுப்போ வெறுப்போ சேர்ந்திருக்கும். தமிழில் இதற்கு மிக நெருக்கமாக வருவது, 'அதுக்குப் பேசாம இதைச் செஞ்சிடலாம்' என்று நாம் சொல்லும் அந்தத் தொனிதான்.

ஹாம்லெட் நாடகத்தின் மூன்றாம் அங்கத்தில் இளவரசன் நடிகர்களுக்கு நடிப்பைப் பற்றிச் சொல்லித்தருகிறான். வசனத்தை நாக்கில் புரளும்படி லகுவாகப் பேச வேண்டும், பலரும் செய்வதுபோலத் தொண்டை கிழியக் கத்தக் கூடாது என்பது அவன் பேச்சு. அப்படிக் கத்தினால், 'ஐ ஹேட் ஆஸ் லீஃப் த டவுன் க்ரையர் ஸ்போக் மை லைன்ஸ்' என்கிறான். டவுன் க்ரையர் என்பவர் தெருவில் நின்று ஊருக்குச் செய்தி அறிவிக்கிறவர். தமிழில் சொன்னால், 'அதற்குப் பேசாமல் தண்டோரா போடுகிறவனையே என் வசனத்தைப் பேசச் சொல்லிவிடலாம்.' லீஃப் என்றால் 'அன்பான' என்று மட்டும் தெரிந்து வைத்திருந்தால் இந்த இடத்தில் ஒன்றும் விளங்காது.

ஷேக்ஸ்பியரில் வேறு எங்கெல்லாம் வருகிறது?

நிறைய இடங்களில். நினைவில் நிற்கும் சிலவற்றைச் சொல்கிறேன்.

ரோமியோ ஜூலியட்டில், ஜூலியட்டை மணக்க விரும்பும் பாரிஸைப் பற்றிச் செவிலித்தாய் ரோமியோவிடம் சொல்கிறாள். அவனைப் பார்ப்பதும் ஒன்று, ஒரு தேரையைப் பார்ப்பதும் ஒன்று என்றுதான் ஜூலியட் நினைக்கிறாள் என்று. அங்கே 'ஆஸ் லீஃப்'. வீட்டு வேலைக்காரியின் வாயில் இயல்பாக வந்து விழும் பேச்சு அது.

'ஆஸ் யூ லைக் இட்' நாடகத்தில் ஆலிவர் தன் தம்பி ஆர்லாண்டோவைப் பற்றி மல்யுத்த வீரனிடம் சொல்வது குரூரமானது: அவன் விரலை ஒடித்தாலும் சரி, கழுத்தை ஒடித்தாலும் சரி, எனக்குச் சம்மதமே. அதே நாடகத்தில் ஜாக்கஸ், 'உன்னோடு இருந்ததற்கு நன்றி, ஆனால் தனியாக இருந்திருந்தாலும் எனக்கு அதே சந்தோஷம்தான்' என்று முகத்துக்கு நேரே சொல்கிறான். மரியாதைபோலத் தொடங்கி அவமதிப்பில் முடிகிற வாக்கியம். அந்தத் திருப்பத்தைச் செய்வது லீஃப்தான்.

எனக்கு மிகவும் பிடித்தது ஜூலியஸ் சீசரில் காசியஸ் பேசுவது. என்னைப் போன்ற இன்னொரு மனிதனுக்கு அஞ்சி வாழ்வதற்கு, இல்லாமலே போய்விடுவது மேல் என்பது கருத்து. ஆங்கிலத்தில் லீஃப் என்பதும், வாழ்வதைக் குறிக்கும் லிவ் என்பதும் ஒரே வரியில் எதிரெதிராக வருகின்றன. லீஃபை 'லீவ்' என்று உச்சரிப்பதும் உண்டு. அப்படிச் சொல்லிப் பார்த்தால் இரண்டு சொற்களும் காதில் உரசுவது கேட்கும். 'சாவதும் ஒன்று, வாழ்வதும் ஒன்று' என்கிற மனநிலையை அந்த உரசலே சொல்லிவிடுகிறது. எந்த மொழிபெயர்ப்பிலும் இது தங்காது.

ஒன்றைக் கவனிக்க வேண்டும். செவிலியும் ஆலிவரும் ஜாக்கஸும் ஹாம்லெட்டும் இந்தத் தொடரை உரைநடையில்தான் பேசுகிறார்கள். அப்படியானால் 1600-ஐ ஒட்டிய காலத்தில் இது சாதாரணப் பேச்சு வழக்கு. ஆனால் 'அன்பான' என்ற பழைய பெயரடைப் பொருளில் ஷேக்ஸ்பியர் இதைக் கொண்டுவரும்போது இடமே மாறிவிடுகிறது. ஆறாம் ஹென்றி நாடகத்தின் இரண்டாம் பாகத்தில் ராணி மார்கரெட் அரசவையில் அரசனை 'ஆல்டர்லீஃபெஸ்ட்' என்று விளிக்கிறாள். எல்லோரிலும் அன்பானவர் என்று பொருள். அது அப்போதே நகை பூட்டிய அரசவை மொழி. சொல்லின் ஒரு பாதி தெருவில் நடமாடிக்கொண்டிருந்தபோதே மறுபாதி பெட்டிக்குள் போய்விட்டது.

'ஹேட்' எதற்கு? 'வைத்திருந்தேன்' என்று அல்லவா பொருள் வரும்?

இந்தக் கேள்விக்குப் பதில் சொல்லக் கொஞ்சம் பின்னால் போக வேண்டும்.

பழைய ஆங்கிலத்தில் 'நான் விரும்புகிறேன்' என்று தொடங்காமல் 'எனக்கு உவப்பு' என்று தொடங்கும் வாக்கியங்கள் ஏராளம். விரும்புகிறவர் எழுவாயாக இருக்க மாட்டார். நான்காம் வேற்றுமையில் நிற்பார். இன்றைய ஆங்கிலத்தை மட்டும் அறிந்தவர்களுக்கு இது விசித்திரமாகப் படும். நமக்கு அப்படியில்லை. 'எனக்குப் பிடிக்கும்', 'அவனுக்கு வேண்டாம்', 'அவளுக்குப் பசிக்கிறது' என்று தினமும் பேசுகிறோம். நான்காம் வேற்றுமையில் ஊறிய காதுக்கு லீஃபின் பழைய இலக்கணம் சட்டென்று பிடிபட்டுவிடும்.

14-ஆம் நூற்றாண்டுக் கவிஞர் சாஸரின் கேன்டர்பரி கதைகளின் முன்னுரையில் ஆக்ஸ்ஃபோர்டு மாணவன் ஒருவன் வருகிறான். அவன் குதிரை வைக்கோல் வாரும் வாருகோலைப் போல இளைத்திருக்கும், அவன் மேலங்கி நைந்திருக்கும். அவனைப் பற்றிச் சொல்லும்போது சாஸர் 'ஹிம் வாஸ் லெவெரெ' என்கிறார். லெவெரெ என்பது லீஃபரின் அக்கால வடிவம். சொல்லுக்குச் சொல், 'அவனுக்கு அதிக உவப்பாக இருந்தது'. எது? விலையுயர்ந்த அங்கிகளோ, பிடிலோ, நரம்பிசைக் கருவியோ அல்ல. கறுப்பிலும் சிவப்பிலும் அட்டை போட்ட இருபது புத்தகங்கள், அரிஸ்டாட்டிலும் அவர் தத்துவமும், கட்டிலின் தலைமாட்டில். கையால் எழுதிப் பிரதி எடுத்த காலம் அது. இருபது புத்தகம் என்பது பெரிய சொத்து.

அதே சாஸர் வேறோரிடத்தில் 'ஐ ஹேட் லெவெரெ' என்று எழுவாயோடும் எழுதுகிறார். வேற்றுமை உருபுகள் ஆங்கிலத்தில் உதிர்ந்துகொண்டிருந்தன. வினைக்கு முன்னால் நிற்பதெல்லாம் எழுவாய்தான் என்ற பழக்கம் உறுதிப்பட்டது. 'அவனுக்கு உவப்பு' மெல்ல மெல்ல 'அவன் உவப்பாகக் கொள்வான்' ஆயிற்று. இந்தக் 'கொள்வான்' என்ற இடத்தில்தான் ஹேட் இருக்கிறது. அது இறந்தகாலம் அல்ல. 'வாய்த்தால் கொள்வேன்' என்பதுபோன்ற வடிவம். ஜெர்மனில் இன்றைக்கும் தேநீரா காப்பியா என்று கேட்டால் 'ஹெட்டெ லீபர்' என்று சொல்லித் தேநீர் கேட்கலாம். சாஸர் சொன்ன 'ஹேட் லெவெரெ'யும் அதுவும் உறுப்புக்கு உறுப்பு ஒன்றே.

பிற்காலத்தில் சில இலக்கணக்காரர்கள் இந்த ஹேட்டைப் பிழை என்று கருதி வுட் என்று திருத்தினார்கள். திருத்தியவர்களுக்கு வரலாறு தெரியவில்லை என்றுதான் சொல்ல வேண்டும். மூத்த வடிவம் ஹேட்தான். சுருக்கி 'ஐட் ஆஸ் லீஃப்' என்று எழுதினால் இந்தச் சண்டையே வராது.

இது எவ்வளவு பழைய சொல்?

ஆங்கிலத்தில் எழுத்து தொடங்கிய காலம்தொட்டு இருக்கிறது. பழைய வடிவம் 'லேஒஃப்'. பேவுல்ஃப் என்ற பழைய ஆங்கில வீரகாவியத்தில் திரும்பத் திரும்ப வரும். அதில் ஓரிடம்: இந்தப் போர்நாட்களில் உலகத்தில் நெடுங்காலம் வாழ்கிறவன் இனியதும் இன்னாததுமாகப் பலவற்றை அனுபவிக்க வேண்டியிருக்கும். 'இனியது' என்ற இடத்தில் லேஒஃப், 'இன்னாதது' என்ற இடத்தில் லாத். இந்த இரண்டும் இணைபிரியாத ஜோடி. பிற்காலத்தில் 'லீஃப் ஆர் லோத்' என்று, அதாவது 'பிடித்தாலும் பிடிக்காவிட்டாலும்' என்று மரபுத்தொடராகவே ஆனது. ஜோடியில் லோத் பிழைத்துவிட்டது. மனமில்லாமல் தயங்குவதைச் சொல்ல இன்றும் 'லோத் டு' என்று எழுதுகிறார்கள். லீஃப் போய்விட்டது.

மரியாதை விளியாகவும் இருந்தது. 1000-ஐ ஒட்டிய காலத்தில் ஏல்ஃப்ரிக் என்ற துறவி, மாணவர்கள் லத்தீன் பழகுவதற்காக ஓர் உரையாடல் நூல் எழுதினார். அதன் வரிகளுக்கு இடையே பழைய ஆங்கிலத்தில் உரை எழுதப்பட்டிருக்கிறது. ஆசிரியர் ஒவ்வொரு தொழிலாளியையும் கேட்பார், அவர் பதில் சொல்வார். உழவனின் முறை வரும்போது அவன் 'லேஒஃப் ஹ்லாஃபோர்ட்', அதாவது 'அன்புள்ள ஐயா' என்று தொடங்கி, 'நான் மிகவும் கடுமையாக உழைக்கிறேன். விடியலில் மாடுகளை ஓட்டிக்கொண்டு வயலுக்குப் போகிறேன்' என்கிறான். லத்தீன் பாடத்துக்கு நடுவே ஓர் உழவனின் அலுப்பு ஆயிரம் வருடமாக அப்படியே இருக்கிறது. ஹ்லாஃபோர்ட் தேய்ந்து லார்ட் ஆகி நிலைத்தது.

ஆட்பெயர்களில் உண்டா?

உண்டு, அதுவும் பெரிய இடத்துப் பெயர்களில். மெர்சியா பிரபு லேஒஃப்ரிக் 1057-இல் இறந்தவர். கொடைவா சீமாட்டியின் கணவர். பெயரின் பொருள், அன்புக்குரிய ஆட்சியாளன். அதே பெயர்கொண்ட எக்ஸிடர் ஆயர் ஒருவர் 1072-இல் இறந்தார். எக்ஸிடர் தேவாலயத்துக்கு அவர் கொடுத்த கையெழுத்துச் சுவடிதான் பழைய ஆங்கிலக் கவிதைகளின் பெருந்தொகுப்பாக இன்று நமக்குக் கிடைத்திருக்கிறது. 1066-இல் ஹேஸ்டிங்ஸ் போரில் அரசன் ஹெரால்டோடு மடிந்த தம்பிகளில் ஒருவன் லேஒஃப்வினே, அன்பு நண்பன் என்று பொருள். நார்மன்கள் வென்ற பிறகு வில்லியம், ராபர்ட் என்ற பெயர்கள் பரவின, இவை அருகிப்போயின. லூவின் என்ற குடும்பப்பெயரில் லேஒஃப்வினே ஒளிந்திருக்கிறது.

சாஸரிலும் ஒரு சுவையான இடம் உண்டு. கேன்டர்பரி கதைகளில் வரும் விடுதிக்காரர், பொறுமைசாலியான ஒரு பெண்ணின் கதையைக் கேட்டுவிட்டு, ஒரு பீப்பாய் ஏல் மதுவைவிட என் மனைவி இந்தக் கதையைக் கேட்டிருந்தால் எனக்கு உவப்பாக இருந்திருக்கும் என்கிறார். அங்கே 'ஹேட் லெவெரெ' வருகிறது. அடுத்த வரியில் மனைவியைக் 'குட்லீஃப்' என்கிறார். அதை அவள் பெயர் என்று கொள்கிறவர்களும் உண்டு, 'என் நல்ல அன்பு மனைவி' என்று கொள்கிறவர்களும் உண்டு. எனக்குப் பெயர் என்பதே சரியாகப் படுகிறது.

இந்தச் சொல்லுக்கு உறவுக்காரர்கள் யாராவது இன்னும் உயிரோடு இருக்கிறார்களா?

ஆங்கிலத்திலேயே நிறைய. அன்பைக் குறிக்கும் லவ், நம்பிக்கையைக் குறிக்கும் பிலீஃப், அனுமதியைக் குறிக்கும் லீவ் மூன்றும் ஒரே வேரில் கிளைத்தவை. ஒன்றை உவப்பாகக் கொள்வது நம்புவதாயிற்று. உவந்து இசைவு தருவது அனுமதியாயிற்று. 'புறப்படு' என்று பொருள்படும் லீவ் வேறு சொல், அதை இதில் சேர்க்கக் கூடாது. அனுமதி லீவ்தான் வேலைக்கு வராமலிருக்கப் பெறும் அனுமதியாகி, நம்மிடம் வந்து 'லீவு' ஆனது. 'நாளைக்கு லீவு போட்டிருக்கேன்' என்கிறவர் வாயில் லீஃபின் உறவு ஒன்று இருக்கிறது. சிறைச் செய்திகளில் அடிபடும் 'பர்லோ'வும், அதாவது கைதிக்குத் தரும் தற்காலிக விடுப்பும், இதே குடும்பம். டச்சு மொழியில் அனுமதியைக் குறிக்கும் வெர்லோஃப் ஆங்கிலத்தில் ஃபர்லோ ஆனது.

ஐரோப்பாவில் ஜெர்மன் 'லீப்'பும் டச்சு 'லீஃப்'பும் அன்றாடச் சொற்கள். டச்சுக்காரர்கள் எழுதுவது அதே நான்கு எழுத்து, எல் ஐ ஈ எஃப். பாட்டிக்குக் கடிதம் எழுதும் குழந்தைகூட 'லீவெ' என்றுதான் தொடங்கும். ஆங்கிலேயர்கள் கைவிட்ட சொல்லைக் கடலுக்கு அந்தப் பக்கம் பொத்தி வளர்த்துக்கொண்டிருக்கிறார்கள்.

இன்னும் மேலே போனால், இந்தோ-ஐரோப்பிய மூலமொழியில் விருப்பத்தையும் ஆசையையும் குறித்த ஒரு வேர். லத்தீனில் அது 'லிபெத்', அதாவது 'பிடிக்கிறது' என்ற வினை. அங்கும் பிடிக்கிறவர் நான்காம் வேற்றுமையில்தான் நிற்பார். மேடையில் எழுதிவைக்காமல் மனம்போனபடி பேசுவதை 'ஆட் லிப்' என்கிறார்களே, அது இதிலிருந்து வந்ததுதான். சமஸ்கிருதத்தில் அதே வேர் பேராசையைக் குறிக்கும் 'லோப' ஆயிற்று. அங்கிருந்துதான் தமிழுக்கு உலோபி வந்தது. ஒரு கிளையில் 'அன்புக்குரிய' என்றும் இன்னொரு கிளையில் 'கஞ்சன்' என்றும் ஆனாலும் இரண்டுக்கும் அடியில் இருப்பது ஆசை.

வேறு சொற்களுக்குள் மறைந்திருக்கிறதா?

'லிவ்லாங்' என்ற சொல்லைச் சொல்ல வேண்டும். 'ஆல் த லிவ்லாங் டே' என்று ரயில் பாதையில் வேலை செய்வதைப் பற்றிய அமெரிக்கப் பாட்டில் வரும். பொழுது முழுக்க என்று அர்த்தம். பார்த்தால் வாழ்வோடு தொடர்புள்ளதுபோல் இருக்கும். உண்மையில் அது 'லீஃப் லாங்'. அழுத்திச் சொல்வதற்காக 'அன்பான நீண்ட' என்று சேர்த்தார்கள். ஜெர்மன்காரர்கள் இன்றும் 'அன்பான நீண்ட நாள் முழுக்க' என்றுதான் சொல்கிறார்கள். லீஃபின் பொருள் மறந்த பிறகு மக்கள் தங்களுக்குத் தெரிந்த லிவ்வை அந்த இடத்தில் வைத்துக்கொண்டார்கள்.

ஏன் வழக்கொழிந்தது?

இரண்டு பக்கமும் போட்டி. 'அன்புள்ள' என்ற இடத்தை டியர் பிடித்துக்கொண்டது. 'அதைவிட இது மேல்' என்ற இடத்தை ராதர் பிடித்துக்கொண்டது. ராதர் என்பதே ஒரு பழைய பெயரடையின் ஒப்பீட்டு வடிவம். 'ரேத்' என்றால் சீக்கிரமான. ராதர் என்றால் இன்னும் சீக்கிரமான. சீக்கிரம் பூக்கும் ப்ரிம்ரோஸ் மலரை மில்டன் 'ரேத் ப்ரிம்ரோஸ்' என்று பாடியிருக்கிறார். அந்த ரேத்தும் பிறகு மறைந்துவிட்டது. ஒலியும் லீஃபுக்குப் பாதகம் என்றே நினைக்கிறேன். இலை என்ற அன்றாடச் சொல்லோடு ஒலி ஒன்றிப்போனால், காதுக்குத் தனி அடையாளம் இருக்காது.

19-ஆம் நூற்றாண்டில் ஆர்தர் அரசன் கதையைப் பாடிய டென்னிசன், பழமையின் வாசம் வேண்டுமென்றே லீஃபரைத் திரும்பக் கொண்டுவந்தார். 1859-இல் வந்த அவர் கவிதையில் ஈனிட், தன் கணவனுக்குக் கவசம் பூட்டி அவனோடு போருக்குப் போவதே எனக்கு எவ்வளவோ உவப்பு என்கிறாள். அழகான வரிதான், ஆனால் அந்தக் காலத்தில் யாரும் வீட்டில் அப்படிப் பேசவில்லை.

இன்று எழுதும்போது பயன்படுத்தலாமா?

பெயரடையாக வேண்டாம். 'மை லீஃப் ஃப்ரெண்ட்' என்று மின்னஞ்சல் தொடங்கினால் எதிரில் இருப்பவர் தட்டச்சுப் பிழை என்றுதான் எண்ணுவார். பழங்காலத்துப் பாத்திரத்தைப் பேசவைக்கும் கதையென்றால் 'ஆஸ் லீஃப்' பொருந்தும். அப்போதும் இரண்டு விஷயம் கவனியுங்கள். பின்னால் வினை வந்தால் 'டு' சேர்க்கக் கூடாது. முழு வாக்கியம் வந்தால், ஹாம்லெட் 'ஸ்போக்' என்றதுபோல, அதன் வினை இறந்தகால வடிவில் இருக்க வேண்டும்.

அமெரிக்கர் ஒருவர் 'ஜஸ்ட் ஆஸ் லீவ்' என்று எழுதியிருந்தார். அது பிழையா?

வட்டார வழக்கு. லீஃப் என்ற சொல் தெரியாதவர்கள், அதே மாதிரி ஒலிக்கும் தெரிந்த சொல்லை வைத்து எழுதுகிறார்கள். பொருள் அதேதான்: 'எனக்கு அதுவும் சம்மதமே.' அகராதி வடிவம் எஃப்பில் முடிவது.

ரிலீஃப், லீஜ், லைஃப் எரிக்சன் இவற்றுக்கெல்லாம் தொடர்பு உண்டா?

எதற்கும் இல்லை. ரிலீஃப், பாரத்தைத் தூக்கி இலேசாக்குவதைக் குறிக்கும் லத்தீன் வினையிலிருந்து வந்தது. லீஜ், தலைவனைக் குறிக்கும், பிரெஞ்சு வழியாக வந்த நிலப்பிரபுத்துவச் சொல். 'மை லீஃபெஸ்ட் லீஜ்' என்று ஷேக்ஸ்பியர் இரண்டையும் அடுத்தடுத்து வைத்தது ஓசைக்காக. கிரீன்லாந்திலிருந்து வட அமெரிக்காவுக்குக் கப்பலேறிய எரிக்சனின் பெயரில் ஈ முன்னால், ஐ பின்னால். அது வாரிசு என்று பொருள்படும், பழைய ஸ்காண்டிநேவிய மொழியான நார்ஸ் மொழிப் பெயர்.